உஸ்தாத் வந்துட்டார்

ஏறாவூர்ச் சந்தைக்குப் பின்னால் அப்போது ஒரு கொமினிகேசன் கடை இருந்தது. பலகையால் அடித்துக் கண்ணாடிக் கதவு போட்ட மூன்று கூடுகள், கூட்டுக்கு ஒரு டெலிபோன், உட்கார ஒரு முக்காலி. கதவைச் சாத்தினால் முன்னால் கதைத்துவிட்டுப் போனவரின் வியர்வையும் அத்தர் வாசமும் மூக்கில் ஏறும். வெள்ளிக்கிழமைகளில் அஸர் தொழுதுவிட்டு நான் போய் நடுக்கூட்டில் உட்கார்ந்திருப்பேன். குவைத்திலிருந்து என் மனைவி சபியா எடுப்பாள்.

அன்றைக்கும் எடுத்தாள். மகள் ஹஸ்னா ஒழுங்காகக் குர்ஆன் ஓதப் போகிறாளா என்று கேட்டாள். சமையல்கட்டுக் கூரையில் ஒழுக்கு நின்றுவிட்டதா என்று கேட்டாள். பிறகு நான் கதைக்கும் முறை வந்தது. புதிதாக ஒரு நாடகத்தில் எனக்குத் தகப்பன் வேஷம் கிடைத்திருந்தது. கடைசிக் காட்சி வசனத்தைக் கூட்டுக்குள் இருந்தபடியே, கையையும் வீசி, அவளுக்குப் பேசிக் காட்டத் தொடங்கினேன். பாதிகூடப் போகவில்லை.

"வெய்ங்க மச்சான், வெய்ங்க. உஸ்தாத் வந்துட்டார்."

அவ்வளவுதான். பிறகு 'கீ' என்ற சத்தம் மட்டும் வந்தது. தூக்கிய கையை இறக்காமல் நான் இருந்ததைக் கண்ணாடி வழியாகப் பார்த்துக் கடைக்காரர் சலீம் காக்கா சிரித்துக்கொண்டிருந்தார்.

எங்கள் பக்கத்தில் பெண்கள் புருஷனை மச்சான் என்றுதான் அழைப்பார்கள். உஸ்தாத் என்றால் மார்க்கம் படிப்பிக்கிற ஆசான். ஆக, நான் நடித்துக்கொண்டிருக்கும்போது என் மனைவி யாரோ ஓர் ஆசானுக்காகப் போனை வைத்துவிட்டாள். இந்தப் பத்திரிகைத் தொடரில் எனக்கும் மற்ற நடிகர்களுக்கும் இருந்த சண்டைகளையெல்லாம் எழுதி முடித்துவிட்டேன் என்று சென்ற வாரம் சொன்னேன். அது சரியல்ல. ஒருவர் மிச்சமிருக்கிறார். என் வாழ்க்கையில் நான் அதிகமாகப் பொறாமைப்பட்டது அவர்மீதுதான். அவருக்கு நான் யாரென்றே தெரியாது.

மாமா என்றொரு பொம்பிளை

சபியா குவைத்துக்குப் போன புதிதிலேயே எனக்கு ஓர் அடி விழுந்திருந்தது. போனில் சொன்னாள்:

"மாமா நல்ல மாதிரி மச்சான். நான்தான் மாமாட காலப் புடிச்சி உடுற. நான் பக்கத்தில இல்லாட்டி மாமா தூங்கமாட்டா."

"எந்த மாமா?" என்று நான் போட்ட சத்தத்தில் பக்கத்துக் கூட்டுக்காரர் எட்டிப் பார்த்தார். எனக்குத் தெரிந்த ஒரே மாமா சபியாவின் வாப்பா. அவர் மவுத்தாகி மண்ணுக்குள் போய்ப் பல வருஷம்.

பிறகுதான் விளங்கியது. அந்த நாடுகளில் வீட்டு எஜமானியை வேலைக்குப் போன பெண்கள் 'மாமா' என்றுதான் அழைக்கிறார்கள். இந்த மாமா எழுந்து நடக்க முடியாத ஒரு கிழவி. எகிப்தில், அலெக்சாந்திரியாவில் பிறந்து, ஒரு குவைத்துக்காரருக்கு வாழ்க்கைப்பட்டவள். 'தூங்கமாட்டா' என்று பெண்பாலில் சபியா சொன்னதை நான் ஒழுங்காகக் காதில் வாங்கியிருந்தால் அவ்வளவு சத்தம் போட்டிருக்க வேண்டியதில்லை.

இந்த முறை அவசரப்படக் கூடாது என்று நினைத்தேன். மாமா பொம்பிளை என்றால் உஸ்தாத்தும் ஒரு பொம்பிளையாக இருக்கலாம்தானே? ஆனால் சபியா 'வந்துட்டார்' என்றாள். 'வந்துட்டா' என்று சொல்லவில்லை. அந்த ஒரு 'ர்' என்னைப் படுத்திய பாடு கொஞ்சமல்ல.

சலீம் காக்காவிடம் மெல்லக் கேட்டேன்.

"காக்கா, அங்க பொம்புளயளையும் உஸ்தாத் எண்டு சொல்ற வழக்கம் இரிக்கா?"

"பொம்புளயெண்டா உஸ்தாதா எண்டு சொல்லுவாங்க. உஸ்தாத் எண்டா ஆம்புளதான். நீ என்னத்துக்குக் கேக்காய்?"

"சும்மாதான்."

"சும்மா கேக்கிற மூஞ்சா இது?"

அப்போது என் தொழில் ஒலிபெருக்கி அறிவிப்பு. ஓட்டோவின் தலையில் ஸ்பீக்கர் கட்டி, ஒரு கையால் ஓட்டி மறு கையால் மைக்கைப் பிடித்துக்கொண்டு ஊரெல்லாம் போவேன். கூட்டம், கடைத் திறப்பு, ஜனாஸா அடக்கம் எல்லாவற்றையும் என் குரலில்தான் ஊர் கேட்டது. மைக் காதர் என்றால் ஓட்டமாவடி வரைக்கும் தெரியும். அந்த வாரம் ஒரு புடவைக் கடையின் பெருநாள் மலிவு விற்பனையை நான் சொன்ன தோரணையில், யாருடைய மையித்து, யார் இறந்தது என்று கேட்டு இரண்டு பெண்கள் வாசலுக்கு வந்துவிட்டார்கள்.

அடுத்த வெள்ளிக்கிழமை சலாத்தைக்கூடச் சரியாகச் சொல்லாமல் கேட்டேன்.

"யார் அந்த உஸ்தாத்?"

பதிலுக்குச் சிரிப்பு. சிரிப்பு நிற்கவேயில்லை.

"அல்லாஹ்வே! அது கெழவன் மச்சான். டீவியில வாற கெழவன். நாடகத்தில நடிக்கிறவர். மாமா அப்பிடித்தான் அவரச் சொல்ற. நானும் சொல்லிப் பழகிட்டன்."

எகிப்தில் பெரிய நடிகரை உஸ்தாத் என்றுதான் மரியாதையாகச் சொல்வார்களாம். எனக்கு மூச்சு வந்தது. ஒரு நிமிஷம்தான். பிறகு முன்னையதைவிடப் பொல்லாத ஒரு பொறாமை பிடித்தது. உண்மையிலேயே ஓதிக் கொடுக்கிற ஆசானாக இருந்திருந்தால் எப்படியாவது பொறுத்திருப்பேன். நடிகன்!

"அப்பிடி என்ன நடிக்கிறான்?" என்று கேட்டேன்.

"அவர் கத்தமாட்டார் மச்சான். ஒண்டும் செய்யமாட்டார். சும்மா இரிப்பார். பாக்கிற நமக்கு அழுக வரும்."

பெயரை எழுதமாட்டேன்

அவருக்கு ஒரு பெயர் உண்டு. எகிப்தில் தெருப்பிள்ளைகளுக்கும் தெரிந்த பெயர். நான் எழுதமாட்டேன். என் பெயர் போடுகிற பக்கத்தில் அவருடைய பெயரும் வர வேண்டுமா?

ஆனால் அவருடைய கதை எனக்கு மனப்பாடம். கிழவி சபியாவுக்குச் சொல்ல, சபியா வெள்ளிக்கிழமை தோறும் எனக்குச் சொன்னாள். நான் கேட்கவில்லை என்று பாசாங்கு செய்துகொண்டே ஒவ்வொன்றையும் கேட்டேன்.

முதலில் அலெக்சாந்திரியாவில் ஒரு நாடகக் கம்பனியில் சேர்ந்தாராம். கொடுத்தது வேலைக்காரன் வேஷம். கோப்பித் தட்டை ஏந்திக்கொண்டு வந்து, "ஐயா, விருந்தாளி வந்திருக்கிறார்" என்று ஒரே ஒரு வசனம். அந்த ஒரு வசனத்துக்கே சபை கைதட்டியதாம். கதாநாயகனுக்குப் பொறுக்கவில்லை. வசனத்தை வெட்டிவிட்டான். அடுத்த நாள் உஸ்தாத் தட்டுடன் வந்து, ஒன்றும் பேசாமல், கதாநாயகனை ஒரு தரம் ஏற இறங்கப் பார்த்துவிட்டுப் போனார். முந்திய நாளைவிடக் கூடுதலாகக் கைதட்டினார்களாம்.

கிழவி அப்போது கலியாணமாகாத பெண். தகப்பனுடன் முன்வரிசையில் இருந்து இதைக் கண்ணால் கண்டவள். இந்தக் கதையைச் சொல்லும்போதெல்லாம் படுத்த படுக்கையிலேயே கைதட்டுவாளாம். நான் அந்தக் கதாநாயகன் பக்கம்தான். நானாக இருந்திருந்தால் தட்டையும் சேர்த்துப் பிடுங்கியிருப்பேன்.

பிறகு கெய்ரோ. கறுப்பு வெள்ளைப் படங்களில் வில்லன். கதாநாயகியின் நிலத்தைப் பறிக்கிறவனாக நடித்த படம் வந்தபோது, சந்தையில் அவருக்குத் தக்காளி விற்க மறுத்தார்களாம். அதற்குப் பிறகு உடம்பு பெருத்தது, தலை நரைத்தது, சினிமாக்காரர்கள் மறந்தார்கள். வருஷக்கணக்கில் படமில்லை. திரும்ப மேடைக்குப் போனார். மேடையில் முதியவராக நடிக்கப் பழகிக்கொண்டு டெலிவிஷனுக்கு வந்தார். அதன்பிறகு ஒவ்வொரு நோன்பு மாதத்திலும் அவர் நடித்த தொடர் ஒன்று வரும். நோன்பு திறந்த கையோடு அரபு நாடு முழுவதும் அவர் முன்னால் உட்கார்ந்துவிடும். நீதவானாக, பென்சன்காரராக, பேரப்பிள்ளைகளோடு கோபித்துக்கொண்ட கிழவராக வருவார். தலைக்கு மை பூச மாட்டேன் என்று சொல்லிவிட்டாராம்.

அதைக் கேட்டபோது நான் தலையைத் தடவிப் பார்த்துக்கொண்டேன். அன்று காலையில்தான் மை பூசியிருந்தேன்.

நான் செத்தபோது அவள் சிரித்தாள்

என் நடிப்பைச் சபியா ஒரே ஒரு தடவைதான் பார்த்திருக்கிறாள். கலியாணம் முடித்த புதிது. பட்டணத்தில், புளியந்தீவில் ஒரு மண்டபத்தில் நாடகம். பெண்கள் பக்கத்தில் முன்னுக்கே அவளை உட்கார வைத்திருந்தேன். கடைசிக் காட்சியில் சுல்தானாகிய நான் வாளால் குத்துப்பட்டுச் சாக வேண்டும். எல்லோரும் வழக்கமாகச் சாவதைவிட அன்று நெடுநேரம் செத்தேன். விழுந்தேன், எழுந்தேன், தூணைப் பிடித்தேன், சாம்ராஜ்யத்தை அழைத்தேன், திரும்ப விழுந்தேன். கண்ணை மூடமுன் ஓரக்கண்ணால் பெண்கள் பக்கம் பார்த்தேன். அழுகிறாளா என்று பார்க்கத்தான்.

முந்தானையை வாயில் அடைத்துக்கொண்டு அவள் குலுங்கிக்கொண்டிருந்தாள். அழுகிறாள் என்றே நினைத்தேன். வீட்டுக்குப் போகும் வழியில்தான் அது சிரிப்பு என்று தெரிந்தது.

"சாகிறதுக்கு இவ்வளவு சத்தம் வேணுமா மச்சான்?" என்று கேட்டாள்.

அன்றிலிருந்து எனக்கு ஒரு ஆசைதான். இந்தப் பொம்பிளை என் நடிப்பைப் பார்த்து ஒரு நாள் அழ வேண்டும். கைதட்டு வேண்டாம், பொன்னாடை வேண்டாம். சபியா அழ வேண்டும். அதற்குள் ஊரில் பொல்லாத காலம் வந்து, நாடகம் போடுவது நின்று, திரும்பத் தொடங்கியபோது அவள் குவைத்துக்குப் போய்விட்டிருந்தாள். அங்கே போய் எவனோ ஒருவன் சும்மா இருப்பதைப் பார்த்து அழுகிறாள். எரியாதா?

கடல் வந்த நாள்

அந்த டிசம்பரில் பள்ளிக்கூட விடுமுறைக்கு ஹஸ்னாவைக் காத்தான்குடியில் சபியாவின் ராத்தா வீட்டில் விட்டிருந்தேன். ராத்தா என்றால் அக்கா. அவர் வீடு கடற்கரைப் பக்கம். பக்கத்து வீட்டில் கலியாணம், அதற்காகவே பிள்ளை அடம்பிடித்துப் போனாள்.

சுனாமி வந்த அன்று காலை எங்கள் தெருவுக்குக் கடல் வரவில்லை, செய்திதான் வந்தது. ஓட்டோவை எடுத்துக்கொண்டு காத்தான்குடிப் பாதையில் புளியந்தீவு வரைக்கும் ஓடினேன். அதற்கு அப்பால் போக வழியில்லை. எதிரே காத்தான்குடிக்காரர் ஒருவர் சேறும் சகதியுமாக வந்தார். என்னைத் தெரிந்தவர்.

"உங்கட ராத்தா வீட்டாக்கள் எல்லாரும் பள்ளிவாசலுக்குள்ள இரிக்காங்க. என்ட கண்ணால கண்டன்" என்றார்.

அல்ஹம்துலில்லாஹ் என்றேன். அவர் பொய் சொல்லவில்லை. ராத்தாவையும் பிள்ளைகளையும் கண்டிருக்கிறார். அந்த வீட்டில் விருந்துக்கு வந்த ஒரு பிள்ளையும் உண்டு என்பது அவருக்குத் தெரியாது.

ஆஸ்பத்திரி வாசலில் தொண்டர்கள் என் ஓட்டோவை மறித்தார்கள். உள்ளே அடையாளம் தெரியாமல் கிடப்பவர்களைப் பற்றி வெளியே நிற்கும் சனத்துக்குச் சொல்ல வேண்டும், உங்கள் மைக் வேண்டும் என்றார்கள். என் பிள்ளை பத்திரமாக இருக்கிறாள் என்ற தெம்பில் நான் அங்கேயே நின்றேன். உள்ளேயிருந்து ஒருவர் வந்து காதில் சொல்வார். நான் அதை ஒழுங்கான தமிழாக்கி மைக்கில் சொல்வேன். சனம் அசையாமல் நின்று கேட்கும். ஒவ்வொரு அறிவித்தல் முடிந்ததும் எங்காவது ஒரு மூலையில் குரல் எழும்பும்.

அப்படித்தான் இதையும் சொன்னேன். எட்டு, ஒன்பது வயது மதிக்கத்தக்க பெண்பிள்ளை, மஞ்சள் கவுன், இடது கையில் மட்டும் மருதோண்டி. 'இடது கையில்' என்று சொல்லி, கொஞ்சம் நிறுத்தி, 'மட்டும்' என்றேன். பெற்றவளுக்கு அந்த ஒரு சொல் போதும் என்று நடிகன் புத்தியில் பட்டது. நல்ல குரலில், தெளிவாக, திரும்பத் திரும்பச் சொன்னேன். எந்தக் குரலும் எழும்பவில்லை. அடுத்த அறிவித்தலுக்குப் போனேன்.

நெடுநேரம் கழித்து ராத்தா வந்தார். செருப்பில்லை. அபாயா நனைந்து காலில் ஒட்டியிருந்தது.

"காதர், அந்த மஞ்சக் கவுன் புள்ள எங்க?"

"உள்ளுக்க இருந்தது ராத்தா. யார்ட புள்ள?"

"அதுக்கு மருதோண்டி வெச்ச நான்தான். மத்தக் கைய நீட்டமுந்தித் தூங்கிட்டா."

அப்போதும் எனக்கு உடனே விளங்கவில்லை. ராத்தாவுக்கு மருதோண்டி வைத்துப் பழக்கம், கலியாண வீட்டில் எத்தனையோ பிள்ளைகள் என்று நினைத்தேன். அவர் என் கையிலிருந்த மைக்கைப் பிடுங்கி வைத்துவிட்டு என் பெயரைச் சொல்லி அழத் தொடங்கிய பிறகுதான் விளங்கியது. உள்ளே ஓடினேன். வைத்திருக்க இடமில்லாமல் முன்னமே லொறியில் ஏற்றி அடக்கத்துக்கு அனுப்பிவிட்டார்கள். மையவாடிக்கு நாங்கள் போய்ச் சேர்ந்தபோது மண் தள்ளி முடிந்திருந்தது. என் பிள்ளையின் முகத்தை நான் பார்க்கவில்லை.

முகம் எப்படி இருந்தது?

ஹஜ்ஜுப் பெருநாள் கழிந்து சபியா வந்தாள். வாசலில் பெட்டியை வைத்தாள், என்னைப் பார்த்தாள், கேட்டாள்.

"புள்ளட முகம் எப்பிடி இருந்துது மச்சான்?"

நான் ஓட்டோவைத் துடைக்கப் போய்விட்டேன். வேறென்ன செய்ய? பார்க்கவில்லை என்று சொன்னால், ஏன் பார்க்கவில்லை என்று கேட்பாள். அதற்குப் பதில் சொல்ல வேண்டுமானால் அந்த அறிவித்தலைச் சொல்ல வேண்டும். நான் சொல்கிறேன், நீங்கள் சொல்லாதீர்கள் என்று ராத்தாவிடம் கேட்டு வைத்திருந்தேன். நாட்கள் போய்க்கொண்டே இருந்தன, நான் சொல்லவில்லை.

அவள் அழவில்லை. சோறு ஆக்கினாள், தொழுதாள், பிள்ளையை அடக்கிய கபுறடிக்குப் போய் வந்தாள். அரபு நாட்டுக்குப் போய் மனசு கல்லாகிவிட்டது என்று தெருவில் கதைத்தார்கள். எனக்குத் தெரியும். எப்படி அழுவதென்று தெரியாமல் இருந்தாள். என்ன நடந்ததென்று நான் சொன்னால்தானே அழுவதற்கு?

கொஞ்ச நாளில் கூரையில் ஒரு டிஷ் ஏறியது. அரபுச் சேனல்கள் வந்தன. உஸ்தாத் என் வீட்டுக்கே வந்துவிட்டார்.

அப்போதுதான் அந்த மனிதரை முதன்முதலாகப் பார்த்தேன். தொந்தி, நரைத்த புருவம், மூட்டுவலிக்காரர் நடை. இதற்கா இந்தப் பாடு என்று நினைத்தேன். சபியா பாயில் இருந்து பார்ப்பாள். அவர் அரபியில் சொல்வதை எனக்காகத் தமிழில் சொல்வாள். நான் கதிரையில் இருந்து குறை சொல்வேன்.

"இது நடிப்பா? நித்திரை கொள்றான்."

"பேசாம இருங்க மச்சான்."

"கைய எடுத்து ஒரு தரம் வீசினா என்ன குறைஞ்சு போகுமா?"

"அவர்ட கையப் பாருங்க, மடியில வெச்சிரிக்கிற மாதிரியப் பாருங்க."

பார்த்தேன். பார்க்கப் பார்க்க ஆத்திரம்தான் வந்தது. வயசான கை மடியில் கிடந்தது, அவ்வளவுதான். ஆனால் அந்த ஆளின் வீட்டில் ஏதோ நடக்கப்போகிறது என்று எனக்கே நெஞ்சு அடித்தது. எப்படிச் செய்கிறான் என்று பிடிபடவில்லை. ஒரு நாள் தனியாக இருந்து என் கையையும் மடியில் அப்படி வைத்துப் பார்த்தேன். பஸ்ஸுக்குக் காத்திருப்பவன் மாதிரி இருந்தது.

வெளியே சண்டை திரும்பத் தொடங்கியிருந்தது. வாகரைப் பக்கமிருந்து சனம் மூட்டைகளோடு வந்து முகாம்களில் தங்கியது. தண்ணீர் வண்டி வரும் நேரத்தை அந்த முகாம்களில் நான்தான் அறிவித்தேன். மாலையில் வாவிக்கு அப்பாலிருந்து ஷெல் சத்தம் கேட்கும். உஸ்தாத் ஒரு வசனத்துக்கும் அடுத்ததற்கும் நடுவில் விடும் மௌனத்தில் அது வந்து விழும். சபியா சத்தத்தைக் கூட்டுவாள்.

அந்த வருஷ நோன்புத் தொடரில் அவருக்கு ரயில் ஸ்டேசன் மாஸ்டர் வேஷம். அவருடைய மகள் கால்வாயில் விழுந்து இறந்துபோகிறாள். செய்தி சொல்ல ஆள் வருகிறான். உஸ்தாத் வந்த ஆளைப் பார்க்கிறார். பிறகு எழுந்து போய், நேரத்துக்கு வரும் ரயிலுக்குப் பச்சைக் கொடியைக் காட்டுகிறார். ரயில் போய் முடியும்வரை கொடியை இறக்கவில்லை.

சபியா அழுதாள். கடல் வந்து வருஷங்களுக்குப் பிறகு, முதன்முதலாக, நெஞ்சில் அடித்துக்கொண்டு, பாயில் விழுந்து அழுதாள். மகளின் பெயரைச் சொல்லிச் சொல்லி அழுதாள்.

நான் கதவடியில் நின்றேன். பக்கத்தில் போய்த் தோளைத் தொட்டிருக்க வேண்டும், தெரியும். போகவில்லை. என் பிள்ளை. நான் பெற்ற பிள்ளை. அவளுக்காக அழ வேண்டிய அழுகையை என் மனைவி யாரோ ஒரு எகிப்துக்காரனோடு அழுகிறாள். அவ்வளவு பொறாமையை நான் அதற்கு முன்னும் பட்டதில்லை, பின்னும் பட்டதில்லை. டிஷ்ஷைக் கழற்றி வாவிக்குள் வீசலாமா என்றுகூட நினைத்தேன்.

வெடிக்கட்டுச் சத்தம்

யுத்தம் முடிந்துவிட்டது என்று சொன்ன அந்த மே மாதத்தில், மைதானத்தில் கூட்டம் என்று அறிவிக்க என்னைக் கூப்பிட்டார்கள். போனேன். மகிழ்ச்சியோடு கலந்துகொள்ளுமாறு கேட்டுக்கொள்ள வேண்டும். சந்தியில் வெடிக்கட்டு கொளுத்தினார்கள். ஊர் எல்லையைத் தாண்டித் தமிழ் ஆட்கள் இருக்கும் தெருக்களால் போனபோது வீடுகள் சாத்தியிருந்தன. ஒரு வாசலில் ஒரு பெண் தண்ணீர்க் குடத்தோடு நின்று, நான் சொல்லி முடியும்வரை என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். எனக்குக் குரல் இறங்கிவிட்டது. திருப்பிக்கொண்டு வந்துவிட்டேன்.

மஃரிப் தொழுது வந்தபோது சபியா டீவி முன்னால் இருந்தாள். அதே ஸ்டேசன் மாஸ்டர் தொடரைத் திரும்பப் போட்டிருந்தார்கள். இந்த இடத்தை நான் முன்பு பார்த்திருக்கவில்லை. அடக்கம் முடிந்து ஆட்கள் போன பிறகு, உஸ்தாத்தின் மனைவி அவர் எதிரில் வந்து உட்கார்ந்து ஏதோ கேட்கிறாள்.

"என்ன கேக்கிறா?" என்றேன்.

"புள்ளையக் கண்டீங்களா எண்டு கேக்கிறா."

"அவன் என்ன சொல்றான்?"

"ஒண்டும் சொல்லமாட்டார். மற்றப் பக்கம் திரும்பி அழுவார். முந்தியே பாத்த நான்."

சபியா எழும்பிப் போய் டீவியின் சத்தத்தை முழுக்கக் குறைத்தாள். பிறகு என் முன்னால், அந்தப் பெண் உட்கார்ந்த மாதிரியே உட்கார்ந்தாள்.

"நீங்க சொல்லுங்க. ஊருக்கெல்லாம் சொல்றீங்க மச்சான். எனக்கு ஒண்டும் சொல்லல்ல."

வெளியே வெடி தொடர்ந்து கேட்டது. இந்த முறை நான் ஓட்டோவைத் துடைக்கப் போகவில்லை.

"நான் காணல்ல சபியா" என்றேன். "முகத்த நான் காணல்ல."

"அப்ப?"

"சொன்ன நான். எங்கட புள்ளையெண்டு தெரியாம, மைக்கில சொன்ன நான்."

கத்துவாள், அடிப்பாள் என்று காத்திருந்தேன்.

"எப்பிடிச் சொன்ன நீங்க?"

"சபியா..."

"நான் கேக்கல்லத்தானே. அண்டைக்கு ஊரே கேட்டது, நான் கேக்கல்ல. சொல்லுங்க மச்சான். அண்டைக்குச் சொன்ன மாதிரியே சொல்லுங்க."

சொன்னேன். இறங்கிப்போன குரலில், கையை அசைக்காமல் சொன்னேன்.

"பொதுமக்களின் கவனத்திற்கு. எட்டு, ஒன்பது வயது மதிக்கத்தக்க ஒரு பெண்பிள்ளை. மஞ்சள் நிறக் கவுன் அணிந்திருக்கிறார். இடது கையில்..."

நிறுத்தினேன். அன்றைக்கு நிறுத்திய இடம்தான். இன்றைக்கு அடுத்த சொல் வரவில்லை. அவள் காத்திருந்தாள்.

"மட்டும் மருதோண்டி. பெயர் விபரம் தெரியாது. உரியவர்கள் இருந்தால்..."

"ஹஸ்னா" என்றாள் சபியா. மெல்லிய குரலில், எனக்கு மட்டும் கேட்கும்படி. "பேர் ஹஸ்னா. வாப்பா காதர். உம்மா சபியா."

பிறகு என் மடியில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதாள். என் மேடை வாழ்க்கை முழுவதும் நான் வேண்டிக் கேட்ட அழுகை அதுதான். என் குரலைக் கேட்டு சபியா அழுதாள். அப்படி ஒன்றுக்கு ஏன் ஆசைப்பட்டேன் என்று அல்லாஹ்வுக்குத்தான் வெளிச்சம்.

அவள் தலைக்கு மேலாக டீவி தெரிந்தது. உஸ்தாத் மற்றப் பக்கம் திரும்பிச் சத்தமில்லாமல் அழுதுகொண்டிருந்தார். நன்றாகத்தான் அழுதார், இல்லையென்று சொல்லமாட்டேன். ஆனால் எனக்கு அவருடைய நடிப்பின்மீது அப்போது பொறாமை வரவில்லை. இந்தக் காட்சி முடிந்ததும் அந்த மனிதர் முகத்தைக் கழுவிக்கொண்டு, சட்டையை மாற்றிக்கொண்டு வீட்டுக்குப் போயிருப்பார். அங்கே அவருடைய பிள்ளைகள் இருந்திருப்பார்கள். அந்தப் பொறாமை இன்றைக்கும் எனக்குத் தீரவில்லை.